சாவு மோளம் கோட்டு போட்டு வந்தது

எனக்கு ராகம் தெரியாது. தாளக் கணக்கும் தெரியாது. விருத்தாசலத்தில் செராமிக் பட்டறை வேலைக்காரன் நான். ஃபியூஸ் கட்டை, அகல் விளக்கு, பொம்மை என்று இருபத்தெட்டு வருசமாகக் களிமண்ணோடு கெடக்கிறேன். பாட்டைப் பற்றி எழுத உனக்கென்ன தகுதி என்று கேட்டால், கேட்டவன் என்கிற தகுதிதான். எங்கள் வேலையே காது வேலைதான். சூளையிலிருந்து எடுத்த சாமானை விரலால் சுண்டிப் பார்ப்போம். நல்லா வெந்ததென்றால் கணீர்னு பேசும். உள்ளே விரிசல் இருந்தால் செத்த சத்தம் வரும். கண்ணுக்குத் தெரியாத விரிசல் காதுக்குத் தெரியும். அந்தக் காதோடுதான் 'தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' பாட்டைக் கேட்டேன்.

2018 ஜனவரி 6-ஆம் தேதி சென்னை கீழ்ப்பாக்கத்தில் அந்தக் குழு முதன்முதலாக மேடை ஏறியது. சபாக்களில் டிசம்பர் சீசன் ஓய்கிற நேரம். இயக்குநர் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் தென்மாவும் சேர்ந்து உருவாக்கிய குழு. மேடையில் பத்தொன்பது பேர். கானா பாடுகிறவர்கள், ராப் பாடுகிறவர்கள், கிடார்காரர், டிரம்ஸ்காரர், பறை அடிக்கிறவர், சட்டி அடிக்கிறவர், கட்டமோளம் அடிக்கிறவர். எல்லாருக்கும் ஒரே மாதிரி சாம்பல் நிறக் கோட்டு. பெயருக்கு வேர் அயோத்திதாசப் பண்டிதர். சாதிபேதமற்றோர் என்று நூறு வருசத்துக்கு முந்தி அவர் நமக்குச் சொன்ன அடையாளத்தைத்தான் இங்கிலீசில் மாற்றி வைத்திருக்கிறார்கள்.

நான் அந்தக் கூட்டத்துக்குப் போகவில்லை. லீவு கிடைக்காது. பட்டறையில் ஒரு பையனுடைய செல்போனில்தான் பார்த்தேன். கிளேஸ் முக்குகிற தொட்டிக்குப் பக்கத்தில் போனைச் சாத்தி வைத்துவிட்டு நாலு பேர் நின்று பார்த்தோம். முதலில் கிடார் வந்தது, வெள்ளைக்காரப் பாட்டு என்று நினைத்தேன். அடுத்தாற்போல் சட்டி வந்தது. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. இது எங்கப்பன் சத்தமாச்சே!

இந்தக் குழுவின் மேல் ஒரு குறை சொல்கிறார்கள். ஒரு வகையில் நிற்க மாட்டேன் என்கிறார்கள், கானாவில் ஆரம்பித்து ராப்புக்குத் தாவி, ராக்குக்குப் போய், ஒப்பாரியில் வந்து முடிக்கிறார்கள், இதென்ன கூட்டாஞ்சோறு என்று. நான் கேட்கிறேன், வகை வகையாகப் பிரித்து வைத்தது யார்? இசையிலும் தெரு இருக்கிறது. கச்சேரி ஒரு தெரு, சினிமாப் பாட்டு ஒரு தெரு. கானாவும் பறையும் ஊருக்கு வெளியே, காலனியில். ஒரு தெருச் சத்தம் இன்னொரு தெருவுக்குள் செருப்பு போட்டு நடக்கக் கூடாது. இவர்கள் நடந்தார்கள். எனக்குப் பிடித்ததே அந்தத் தாவல்தான்.

இன்னொன்று. சேரிக் காது எப்போதுமே கூட்டாஞ்சோற்றுக் காதுதான். எங்கள் காலனியில் ஒரே நாளில் மாதா கோயில் பாட்டும், மாரியாத்தா தாலாட்டும், எம்.ஜி.ஆர். பாட்டும், இழவு வீட்டு ஒப்பாரியும் கேட்கும். கானாவும் அப்படி வளர்ந்ததுதான். வட சென்னையில் துறைமுகத்திலும் மூட்டை தூக்குகிற இடத்திலும் உழைத்த சனங்கள், சாவு வீட்டில் ராத்திரி முழுக்க உட்கார்ந்து பாடிய பாட்டு. கிடைத்த மெட்டையெல்லாம் எடுத்துக்கொள்ளும். யார் வீட்டு மெட்டு என்று கேட்காது. அதை ராக்கோடு சேர்த்தது புதுமை என்கிறார்கள். சேர்ந்தே இருந்ததை மேடையில் ஏற்றியதுதான் புதுமை என்பேன்.

எங்கப்பா மோளக்காரர். விருத்தாசலத்துக்கு மேற்கே ஒரு கிராமம். ஊர்த்தெருவில் யார் செத்தாலும் அப்பா போயாக வேண்டும். சோறு தின்று கொண்டிருந்தாலும், காய்ச்சலில் படுத்திருந்தாலும், ஆள் வந்து தெரு முனையில் நின்று "மோளக்காரன வரச்சொல்லு" என்பான். வைக்கோலைக் கொளுத்தி அதில் பறையைக் காய்ச்சி, முறுக்கேற்றி, பொணத்துக்கு முன்னால் அடித்துக்கொண்டே சுடுகாடு வரை போக வேண்டும். கூலி என்று தனியாக ஒன்றும் கிடையாது. கொஞ்சம் நெல், கொஞ்சம் சாராயம், கை தூக்கி ஊற்றுகிற கஞ்சி. அவருக்குப் பேர் ஒன்று உண்டு என்பதே ஊர்த்தெருவில் பாதிப் பேருக்குத் தெரியாது.

1991-இல் அண்ணல் அம்பேத்கர் நூற்றாண்டு. எனக்கு பதினாலு வயசு. காலனிப் பையன்கள் மன்றம் வைத்தார்கள், எங்க அண்ணனும் அதில் இருந்தான். இனிமேல் சாவுக்கு மோளம் அடிப்பதில்லை, செத்த மாடு தூக்குவதில்லை என்று முடிவெடுத்தார்கள். பறைகளைக் கொண்டு வந்து மன்றத்தின் முன்னால் போடச் சொன்னார்கள். அப்பா மட்டும் போடவில்லை.

"அடிக்கலடா. இனிமே எவன் செத்தாலும் போவல, போதுமா? ஆனா கொளுத்த மாட்டேன். அது என்னா பண்ணுச்சு ஒங்கள?"

ஆணியில் மாட்டி வைத்தார். அதோடு சரி. ஊர்த்தெருவுக்காரர்கள் அந்த வருசம் எங்கள் ஆட்களுக்கு அறுப்பு வேலை தரவில்லை. களத்து மேட்டில் கால் வைக்க விடவில்லை. அப்படித்தான் எங்களில் பல பேர் டவுனுக்கு, செராமிக் வேலைக்கு வந்து சேர்ந்தோம். நெய்வேலிச் சுரங்கத்தின் வெள்ளைக் களிமண் எங்களைக் காப்பாற்றியது. 2009-இல் அப்பா செத்தார். அவர் சாவுக்கு மோளம் வைக்கவில்லை. கொள்கை. வாழ்நாளெல்லாம் ஊர் பொணத்துக்கு அடித்த மனுசன், சத்தமில்லாமல் போனார்.

பறையைத் தூக்கி எறிவதா, தூக்கிப் பிடிப்பதா என்று தொண்ணூறுகளில் நம் இயக்கங்களுக்குள் நடந்த சண்டை உங்களுக்குத் தெரியும். இழிவின் அடையாளம் என்றது ஒரு பக்கம். அது விடுதலையின் கருவி, தலித் கலைவிழா மேடையில் அடிப்போம் என்றது இன்னொரு பக்கம். கே.ஏ. குணசேகரன் மாதிரி ஆட்கள் மேடையேறிப் பாடியபோது நம் பாட்டு வேறு அர்த்தம் பெற்றது. என் அண்ணன் பக்கமும் நியாயம்தான், அப்பா பக்கமும் நியாயம்தான். கட்டாயமாக அடித்த கை, முதலில் அடிக்க மாட்டேன் என்று சொல்ல வேண்டும். சொன்ன பிறகுதான் அது தன் இஷ்டத்துக்கு அடிக்க முடியும். எங்கள் காலனி முதல் பாதியை 1991-இல் முடித்தது. இரண்டாம் பாதியை 2018-இல் இந்தப் பிள்ளைகள் முடித்தார்கள். கோட்டு சூட்டு போட்டு, பொணம் இல்லாமல், சட்டி அடித்தார்கள். கோட்டு யாருடையது என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை.

எங்க சின்னம்மாவுக்கு அந்த வீடியோவைக் காட்டினேன். "சாவுல அடிக்கிறதாச்சே இது, இத போயி இம்மாம் பேரு காசு குடுத்தா பாக்குறாங்க?" என்றாள். காசு இல்லை, சும்மாத்தான் பார்த்தார்கள் என்றேன். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "ஒங்கப்பன் இதவிட நல்லா அடிப்பாரு" என்றாள். அதுதான் நான் படித்த விமர்சனங்களிலேயே சிறந்தது.

என்ன பாடுகிறார்கள்? இட ஒதுக்கீட்டைப் பாடுகிறார்கள், மாட்டுக்கறியைப் பாடுகிறார்கள், வட சென்னையைப் பாடுகிறார்கள். கேலி இருக்கிறது, ஆட்டம் இருக்கிறது. நாம் கூட்டம் போட்டு இரண்டு மணி நேரம் பேசுவதை மூன்று நிமிசத்தில் சிரிக்க வைத்துச் சொல்கிறார்கள். எங்கள் பட்டறையில் வேறு சாதிப் பையன்களும் வேலை செய்கிறார்கள். கோட்டா பாட்டு ஓடும்போது ஒருத்தன் முகம் சுருங்கியது. ஆனால் கால் தாளம் போட்டது. அந்தக் காலை நான் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

இது விருத்தாசலம் என்பதை மறக்க வேண்டாம். 2003 ஜூலை 8-ஆம் தேதி, இந்த வட்டாரத்தில்தான், சாதி மாறிக் கல்யாணம் செய்த முருகேசனையும் கண்ணகியையும் விசம் ஊற்றிக் கொன்று எரித்தார்கள். முருகேசன் நம் பிள்ளை, இன்ஜினியரிங் படித்தவன். பதினெட்டு வருசம் கழித்து, 2021 செப்டம்பரில்தான் கடலூர் நீதிமன்றம் தண்டனை கொடுத்தது. 2025-இல் உச்ச நீதிமன்றம் குற்றவாளிகளின் மேல்முறையீட்டைத் தள்ளியது. பதினெட்டு வருசமாக ஒரு வழக்கு நடக்கிற ஊரில், நம் பிள்ளைகள் சாதி ஒழிக என்று பாட்டு போட்டு ஆடுவதற்கு என்ன தைரியம் வேண்டும் என்பது சென்னையில் உட்கார்ந்து ரசிக்கிறவர்களுக்குப் புரியாது. எங்கள் பையன்கள் இன்றைக்கும் பஸ்ஸில் அந்தப் பாட்டை இயர்போன் போட்டுத்தான் கேட்கிறார்கள்.

மேடை ஏறினாலும் கணக்கு முடிவதில்லை. குழு தொடங்கியபோது பத்தொன்பது பேரில் ஒரே பெண் இசைவாணி. ஆண்கள் மட்டும் பாடும் பாட்டு என்றிருந்த கானாவைப் பாடி வந்தவர். 2020-இல் பி.பி.சி.யின் நூறு பெண்கள் பட்டியலில் அவர் பெயர் வந்தது. அதே இசைவாணியை, சபரிமலையில் பெண்கள் நுழைவது பற்றி முன்பு பாடிய ஒரு பாட்டுக்காக 2024 நவம்பரில் மிரட்டினார்கள், போலீசில் புகார் கொடுத்தார்கள். அறிவு இந்தக் குழுவிலிருந்து கிளம்பியவர். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்த தன் பாட்டி வள்ளியம்மாளின் கதையை 2021-இல் 'என்ஜாய் எஞ்சாமி'க்குள் வைத்தார். உலகமே ஆடியது. அந்த ஆண்டு ரோலிங் ஸ்டோன் இந்தியா பத்திரிகை அட்டையில் அந்தப் பாட்டின் பாடகி தீ இருந்தார், எழுதிப் பாடிய அறிவு இல்லை. ரஞ்சித் கேள்வி கேட்ட பிறகுதான் அறிவுக்குத் தனி அட்டை வந்தது. சத்தம் வேண்டும், சத்தம் போட்டவன் பேர் வேண்டாம். இந்தப் பழக்கம் எங்களுக்குப் புதுசில்லை. "மோளக்காரன வரச்சொல்லு" என்பதன் இங்கிலீஸ் அட்டைதான் அது.

அதனால் எனக்கு இந்தக் குழுவில் மிகப் பிடித்தது ஒரு சின்ன விசயம். அவர்கள் பாட்டு வெளியாகும்போது பெயர்ப் பட்டியலும் வருகிறது. கிடார் இன்னார், டிரம்ஸ் இன்னார் என்று எழுதுகிற அதே வரிசையில், சட்டி இன்னார், கட்டமோளம் இன்னார், பறை இன்னார். ஒரே எழுத்து, ஒரே அளவு. நான் ஒவ்வொரு தடவையும் அதைக் கடைசி வரை படிப்பேன்.

குழுவில் இருந்தவர்கள் இன்றைக்குத் தனித்தனியாகவும் பாடுகிறார்கள், படங்களுக்கு இசையமைக்கிறார்கள். நல்லது. பிழைக்க வேண்டும் இல்லையா? ஆனால் தோழர்களே, ஒரு வேண்டுகோள். சென்னை மேடையோடு நின்றுவிட்டால் இது இன்னொரு சபாதான். எங்கள் பக்கம் கிராமங்களில் இன்னும் கட்டாயத்துக்கு மோளம் அடிக்கிற கைகள் இருக்கின்றன. அந்தக் கைகளிடம் இந்தச் சத்தம் போய்ச் சேர வேண்டும். அவரவர் காலனியில் பறை அடித்த பெரியவர்கள் யார் யார் என்று கேட்டு, பெயரையும் அடியையும் எழுதி வையுங்கள். அவர்கள் உயிரோடு இருக்கும்போதே அடிக்கச் சொல்லிக் கேளுங்கள். சாவுக்காக அல்ல, சும்மா, சாயங்காலத்தில்.

எங்கப்பா பேர் மாரிமுத்து. பறை வாசித்தார்.