தடையாணை கங்கைக் குளியலல்ல!

"தடை வாங்கிவிட்டார்கள் ஐயா, இனி நம் வழக்கு செத்தது!" என்று தலையில் கைவைத்து அமர்ந்தார் அந்தத் தோழர். ஆலையிலிருந்து விலக்கப்பட்ட தொழிலாளி. நான்கு வாரத்திற்குள் மீண்டும் வேலை தருக என்றது உயர்நீதிமன்றத் தனி நீதிபதியின் தீர்ப்பு. நான்கு வாரம் ஓடிற்று. பத்து வாரமும் ஓடிற்று. ஆலைக் கதவு திறக்கவில்லை. அவமதிப்பு மனு போட்டார். அறிவிப்பு கைக்கு வந்த பிறகே முதலாளிக்கு மேல்முறையீடு என்றொன்று இருப்பது நினைவுக்கு வந்தது! இரு நீதிபதிகள் ஆயம் இடைக்காலத் தடை வழங்கிற்று. அவமதிப்பு வழக்கு ஒத்திவைக்கப்பட்டது.

செத்ததா வழக்கு? இல்லை, உறங்குகிறது.

கங்கையில் மூழ்கினால் முன்செய்த பாவமெல்லாம் போகும் என்பான் புராணிகன். சட்டத்தில் அத்தகைய தீர்த்தம் கிடையாது. தடை வேறு, தீர்ப்பை அழிப்பது வேறு என 1992 இல் சாமுண்டி மொபெட்ஸ் வழக்கில் உச்சநீதிமன்றம் தெளிவுபடுத்தியது. அழிக்கப்பட்ட தீர்ப்பு இல்லாததாகிவிடும். தடைப்பட்ட தீர்ப்போ உயிரோடிருக்கும், தடை பிறந்த நாளிலிருந்து செயல்படாது, அவ்வளவே. அப்படியாயின், தடைக்கு முந்திய நாட்களில் நடந்த மீறல் மீறலே. தடைக்குப் பின் வேலை தராததை மட்டும் குற்றமென்று கூற இயலாது.

மேல்முறையீடு செய்துவிட்டோம், இனி யார் எம்மைக் கேட்பது என்று மார்தட்டுவோரும் உண்டு. மேல்முறையீட்டு மனு தானே தடையாகிவிடாது. தடை தனியே கேட்டுப் பெறவேண்டியது. ஆயினும் தடைகோரும் மனு காத்திருக்கையில், முதலில் அதனை முடித்துவிட்டுப் பின்னர் அவமதிப்பைத் தொடுக என்று 1995 இல் மாடர்ன் புட் இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் கூறினர். முறையானதுதான். மேல்மன்றம் நாளை மாற்றக்கூடிய ஒன்றுக்காக இன்று ஒருவனைச் சிறைக்கு அனுப்புவானேன்? ஆனால், அந்த நயத்தின் நிழலில் வசதி படைத்தவனே நெடுநாள் இளைப்பாறுகிறான் என்பதையும் நாம் காண்கிறோம்.

1971 ஆம் ஆண்டுச் சட்டப்படி அவமதிப்புக்கு உச்ச அளவு 6 மாத வெறுங்காவல், 2000 ரூபாய் அபராதம். அயோத்தியில் ஆணையை மீறி மேடை எழும்ப விட்டதற்காக, உத்தரப் பிரதேச முதல்வராயிருந்த கல்யாண் சிங் 1994 இல் பெற்ற சிறை ஒரே ஒரு நாள்! தண்டனை வந்தாலும் 19 ஆம் பிரிவின்படி மேல்முறையீட்டு மன்றம் அதையும் நிறுத்திவைக்கலாம்.

தடை தானாகச் சாகுமா? விசாரணைகளுக்கு இடப்பட்ட தடை ஆறு மாதத்தில் தானே நீங்கும் என்றது 2018 ஆம் ஆண்டுத் தீர்ப்பு. 2024 பிப்ரவரி 29 அன்று ஐவர் ஆயம் அதனை மாற்றிவிட்டது. காத்திருந்தால் கரையாது, கரைக்க மனுப் போடவேண்டும்.

ஆகவே தோழரிடம் நாம் ஆறுதல் கூறவில்லை. தீர்ப்பின் படி ஆலைக்கு எந்நாள் சேர்ந்தது என்று கேட்டோம். துணிப்பையிலிருந்து, மடிந்து நைந்த பதிவஞ்சல் ஒப்புகை அட்டையை எடுத்தார். முத்திரை தெளிவாயிருந்தது. கெடு முடிந்த நாளுக்கும் தடை பிறந்த நாளுக்கும் இடையே 68 நாட்கள். தடையை நீக்கக்கோரும் மனுவின் முதற் பத்தியில் அதை எழுதினோம்.