உமா ஓயா ஓடும் வெலிமடை

நுவரெலியாவிலிருந்து பதுளைக்குப் போகும் பஸ்ஸில் ஏறினால், சகோதரிகளே, ஹக்கலைப் பூங்காவைத் தாண்டியதும் பாதை வளைந்து வளைந்து இறங்கத் தொடங்கும். குளிர் சற்றே விலகும். மலைச்சரிவெங்கும் படிப்படியாகக் கரட்டும் லீக்ஸும் கோவாவும் போஞ்சியும் தெரியும். கெப்பெட்டிபொலையைக் கடந்தால் வெலிமடை. கொழும்பிலோ கல்முனையிலோ நீங்கள் ஆணத்துக்கு வெட்டும் உருளைக்கிழங்கு இந்த மண்ணில் விளைந்ததாக இருக்கலாம். சில்மியாபுர, குருத்தலாவை என்று நம்மவர்கள் வாழும் ஊர்களும் பக்கத்திலேயே உள்ளன.

சிங்களத்தில் ‘வெலி’ என்றால் மணல், ‘மட’ என்றால் சேறு. பெயருக்கேற்ற ஊர்தான், பெருமழை பெய்தால் சரிவு மண் ஆற்றோடு போய்விடும். அரிப்புக்குள்ளாகும் பிரதேசங்களைப் பிரகடனம் செய்து விதி வகுக்க 1951ஆம் ஆண்டின் மண் பாதுகாப்புச் சட்டம் இடம் தருகிறது. 1990களில் பதுளை மாவட்டத்துக்கு மண்சரிவு அபாய வரைபடங்களும் தயாரிக்கப்பட்டன. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயலின்போது இம்மாவட்டம் பறிகொடுத்த உயிர்களை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். ஆக, இது நொய்ந்த மண் என்பது அரசுக்குத் தெரியாத செய்தியல்ல. சரிவில் ஒரு சிறு வீடு கட்ட அனுமதி கேட்பவருக்கு முன்னால் இந்தக் காகிதங்கள் வந்து நிற்கும். பெரிய திட்டம் வரும்போது?

உமா ஓயாவை வெலிமடைக்கு அருகே புஹுல்பொலையில் அணை கட்டி மறித்தார்கள். 2008இல் ஈரானின் துணையுடன் அடிக்கல் நாட்டிய திட்டம் இது. தண்ணீர் டயராபா அணையைச் சேர்ந்து, அங்கிருந்து ஏறத்தாழ 15 கிலோமீற்றர் நீளச் சுரங்கத்தினூடாக வெல்லவாயப் பக்கத்து நிலத்தடி மின்நிலையத்துக்குப் போகிறது. 120 மெகாவாட் மின்சாரம். அதன்பின் தென்கிழக்கின் வரண்ட வயல்களுக்குப் பாசனம். நோக்கத்தைக் குறைசொல்ல முடியாது. ஆனால் 2014 டிசம்பரில், சுரங்கம் தோண்டும்போது மலைக்குள்ளிருந்த ஊற்றுநீர் பீறிட்டுப் பாய்ந்தது. மேலே பண்டாரவளைப் பக்கத்துக் கிராமங்களில் கிணறுகள் வற்றின. வீட்டுச் சுவர்கள் வெடித்தன. தண்ணீர் பவுசரில் வரத் தொடங்கியது. வாசலில் கிணறு இருந்த வீட்டில், இருக்கிற ஒரு வாளித் தண்ணீரில் அரிசி களைவதா, பிள்ளையைக் குளிப்பாட்டுவதா, வுழூவுக்கு எடுத்து வைப்பதா என்று கணக்குப் பார்ப்பது யார் வேலை? உங்களுக்குச் சொல்லவேண்டியதில்லை. 2017 ஜூனில் பண்டாரவளை மக்கள் வீதிக்கு இறங்கினார்கள். திட்டமோ 2024 ஏப்ரல் 24 அன்று ஈரானிய ஜனாதிபதி இப்ராஹிம் ரயீசியால் திறந்துவைக்கப்பட்டது.

நீதிமன்றம் போகலாமே என்பீர்கள். அனுராதபுர மாவட்டத்து எப்பாவலையில் பொஸ்பேற் அகழ வெளிநாட்டுக் கம்பனியோடு ஓர் ஒப்பந்தத்துக்கு அரசு ஆயத்தமானபோது, அவ்வூரவர் ஏழு பேர் உச்ச நீதிமன்றம் சென்றார்கள். முழுமையான ஆய்வும் சுற்றாடல் தாக்க மதிப்பீடும் முடியாமல் எந்த ஒப்பந்தமும் கூடாது என்று 2000 ஜூனில் நீதியரசர் அமரசிங்க தீர்ப்பெழுதினார். இயற்கை வளம் அரசிடம் மக்களுக்காக ஒப்படைக்கப்பட்ட பொறுப்பு என்பதே அத்தீர்ப்பின் சாரம். அமானிதம் என்ற சொல்லை அறிந்த நமக்கு இது புதிதல்ல.

அவர்கள் மண்வெட்டி விழுமுன் போனார்கள் என்பதைக் கவனியுங்கள். அடிப்படை உரிமை மனுவுக்கு அரசியலமைப்பு தரும் அவகாசம் ஒரே ஒரு மாதம். மலைக்கடியில் நடப்பதோ கிணறு வற்றிய பிறகுதான் வீட்டுக்குத் தெரியவரும். அதனால் அதற்கு முந்திய வாசல்தான் முக்கியம். சுற்றாடல் தாக்க மதிப்பீட்டு அறிக்கை ஒன்று வந்தால், அதைப் பார்த்துக் கருத்துச் சொல்லப் பொதுமக்களுக்கு 30 நாட்கள் உண்டு. அந்த அறிவித்தல் தமிழ்ப் பத்திரிகை ஒன்றிலும் வரவேண்டும் என்பது சட்டம். ஏல விளம்பரங்களுக்கு நடுவே சின்ன எழுத்தில் இருக்கும். அந்தப் பக்கத்தைச் சாமான் சுற்ற எடுக்குமுன், உங்கள் ஊர்ப்பெயர் இருக்கிறதா என்று ஒருதடவை பாருங்கள். கருத்தைத் தமிழிலேயே எழுதி அனுப்பலாம்.