தேத்தண்ணிக் கடையில் செபஸ்தியார்

ஊர்காவற்றுறை இறங்குதுறையில் காரைநகர்ப் பாதை இன்னும் வந்து கட்டவில்லை. காத்திருப்பவர்களில் பாதிப்பேர் தேத்தண்ணிக் கடைக்குள் ஒதுங்கிவிட்டார்கள். எதிரே தண்ணீருக்குள் கடற்கோட்டை வெயிலில் காய்கிறது.

கடைச் சுவரில், மின்மானிக்குப் பக்கத்தில், புனித செபஸ்தியார். மரத்தோடு கட்டுண்ட இளைஞன். இடுப்பில் ஒரு துண்டு. விலாவிலும் தொடையிலும் அம்புகள். வலியில் சுளிக்கவேண்டிய முகம் மேலே எதையோ கண்டு கனிந்திருக்கிறது. கண்ணாடி முழுக்கப் புகை ஏறியும் அந்தத் தோலின் வெளிச்சம் மங்கவில்லை.

படத்துக்குக் கீழே வாங்கில் கடலால் வந்தவர்கள் இருக்கிறார்கள். மடித்துக் கட்டிய சாரம், உப்புப் பூத்த முதுகு, கயிறு அறுத்த உள்ளங்கை. ஒருவர் தோளில் மற்றவர் கை. ஒரு சுருட்டு இரண்டு வாய்க்கும் போய்வருகிறது. யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. இவர்கள் உடம்பைத் தொழில் செதுக்கியது. மேலே நிற்பவனின் உடம்பு நிழலில் வளர்ந்தது.

முதியவர் ஒருவர் வருகிறார். முழங்கையில் சன்னம் கிழித்த பழைய தழும்பு. படத்தைத் தொட்டுச் சிலுவை போட்டுக்கொள்கிறார். அவருக்கு இவர் நோய்நொடி அண்டாமல் காப்பவர். கொள்ளைநோயையே வானத்திலிருந்து எய்த அம்பாகக் கண்ட ஐரோப்பா, அம்பு தைத்தும் சாகாத இந்தப் படைவீரரிடம்தான் அடைக்கலம் தேடியது.

ரோமில் உள்ள ஏழாம் நூற்றாண்டு மொசைக்கில் இவர் தாடிவைத்த வயோதிபர். தாடியை வழித்து, உடையைக் களைந்து, இளமை கொடுத்தவர்கள் மறுமலர்ச்சிக்கால ஓவியர்கள். ஆணுடலை ஆசைதீர வரைய ஒரு புனிதர் வாய்த்தார். 1615 அளவில் குய்தோ ரேனி வரைந்த செபஸ்தியாரைப் பார்த்துத் தன் ஆசையை அறிந்துகொள்ளும் சிறுவனை 1949இல் யுகியோ மிஷிமா நாவலாக்கினார். பின்னாளில் தானே அந்தக் கோலத்தில் நின்று படமும் எடுத்துக்கொண்டார். சிறை மீண்ட ஒஸ்கார் வைல்ட் 1897இல் தனக்குச் சூட்டிக்கொண்ட புனைபெயரும் செபஸ்தியான்தான். கொழும்பில் லயனல் வென்ட், 1944இல் இறக்கும்வரை, எந்தப் புனிதரையும் துணைக்கு அழைக்காமலே இலங்கை இளைஞரின் வெற்றுடம்பைப் படமெடுத்தார்.

அம்பு என்றால் நமக்கு இரண்டு நினைவு: மன்மதன் எய்த பூ, மார்பில் ஏற்ற விழுப்புண். இந்தப் படத்தில் இரண்டும் ஒரே உடம்பில் தைத்திருக்கின்றன. எய்பவனை வீரன் என்று பழகிய கண்ணுக்கு, ஏற்று நிற்பவனின் ஆண்மையைக் காட்டுகிறது படம்.

மூலை மேசையில் ஒரு பெடியன். பால்தேத்தண்ணியில் ஆடை படர்ந்துவிட்டது. படத்தைப் பார்க்கிறான். சிலுவை போடவில்லை. யாரோ கதிரையை இழுக்க, கண் கைபேசிக்கு இறங்குகிறது; சற்றுப் பொறுத்து மறுபடி மேலேறுகிறது. ஓவியத்தைப் பார்க்கிறானா, புனிதரையா, அந்த இளைஞனையா? என்னிடம் விடையில்லை. ஆணோடு ஆண் கூடுவதைக் குற்றமாக்க ஆங்கிலேயர் 1883இல் எழுதிவைத்த தண்டனைச் சட்டக்கோவையின் 365ஆம் பிரிவு இன்னும் இருக்கிறது. பார்வைக்குப் பிரிவு எழுத அவர்களாலும் முடியவில்லை.

கோப்பை எடுக்க வந்த கடைக்காரர் அவன் பார்வை போன இடத்தைத் தானும் பார்க்கிறார்.

"என்ன தம்பி, படத்தையே பாக்கிறாய்?"

"ஒண்டுமில்லை அண்ணை."

"பாரன். பாக்கத்தானே கொழுவி வைச்சிருக்கு."