வட்டிக்கடையிலிருந்து சைக்கிள் கம்பெனிக்கு

காரைக்கால்மேட்டில் விடியற்காலையில் படகு கரையேறியதும் ஏலம் நடக்கும். ஏலம் முடிந்த கையோடு மீன் பெட்டியைக் கேரியரில் ஏற்றி, கிழிந்த டியூபால் இறுக்கிக் கட்டிக்கொண்டு வியாபாரிகள் ஊர் ஊராக மிதித்துப் போவார்கள். இப்போது மொபெட் வந்து சைக்கிளின் இடத்தைப் பிடித்துக்கொண்டது என்றாலும், பல வருடங்களுக்கு அந்தக் கரையோர மீன் வியாபாரத்தைச் சுமந்தது சைக்கிள்தான். மேடு பள்ளமே இல்லாத டெல்டா பூமி. சைக்கிளுக்கென்றே போட்டது மாதிரி!

குரங்குப் பெடல் போட்டுப் பழகிய யாருக்கும் ஹெர்குலிஸ் என்ற பெயர் தெரியாமல் இருக்காது. கறுப்பு பெயிண்ட், கனமான உடம்பு, இரண்டு மூட்டை ஏற்றினாலும் அசையாது. பெயர் வெள்ளைக்காரப் பெயர். ஆனால் நம்மூரில் ஓடியவை அம்பத்தூரில் செய்தவை. அதற்குக் காரணமானவர் பள்ளத்தூர் ஏ.எம்.எம். முருகப்பச் செட்டியார்.

அவருடைய தந்தை திவான் பகதூர் ஏ.எம். முருகப்பச் செட்டியார் 1900-ல் பர்மாவில், மௌல்மெயினில், லேவாதேவி தொழில் தொடங்கியவர். நகரத்தார் பலருக்கும் அன்று பர்மாதான் எல்லாம். 1930-களில் உலகம் முழுக்க விலை வீழ்ந்தது, நெல் விலையும் விழுந்தது. வாங்கிய கடனைத் திருப்ப முடியாத விவசாயிகளின் நிலம் கடன் கொடுத்தவர் கைக்கு வந்தது. அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் கீழ் பர்மாவின் நெல் நிலத்தில் கிட்டத்தட்ட கால்வாசி செட்டியார்கள் வசம் போய்விட்டது. கேட்க நன்றாக இருக்கலாம். ஆனால் அவர்கள் விரும்பிக் கேட்டது நிலத்தை அல்ல, பணத்தை. நிலத்தைச் சுருட்டிக் கப்பலில் ஏற்ற முடியுமா? நிலம் பறிபோன பர்மியர்களின் கோபம் வேறு.

1942-ல் ஜப்பான் படை உள்ளே வந்தது. பலர் உயிர் பிழைத்தால் போதும் என்று நடந்தே திரும்பினார்கள். 1948-ல் பர்மா சுதந்திரம் பெற்று நில தேசியமயச் சட்டம் கொண்டுவந்தது. முருகப்பா குடும்பம் கொஞ்சம் முன்யோசனைக்காரர்கள். போர் வருவதற்கு முன்பே முதலில் கணிசமான பகுதியை ஊருக்கு மாற்றிவிட்டார்கள்.

சரி, கையில் இருக்கிற பணத்தை என்ன செய்வது? மறுபடி வட்டிக்கு விடலாம், பழகிய தொழில். மகன் முருகப்பச் செட்டியாரும் சகோதரர்களும் அதைச் செய்யவில்லை. ஸ்டீல் பர்னிச்சர், உப்புத்தாள் என்று சின்னச் சின்னதாகத் தொழிற்சாலைப் பக்கம் கால் வைத்தார்கள். பிறகுதான் பெரிய பந்தயம்: சைக்கிள்.

இங்கிலாந்தின் டியூப் இன்வெஸ்ட்மெண்ட்ஸ் கம்பெனி 1946-ல் பர்மிங்ஹாமின் ஹெர்குலிஸை வாங்கியிருந்தது. அதன் தலைவர் சர் ஐவன் ஸ்டெட்ஃபோர்டு. இந்தியாவில் ஓடிய சைக்கிள்களில் பெரும்பாலானவை அதுவரை அங்கிருந்து கப்பலில் வந்தவை. சுதந்திர இந்தியா இறக்குமதிக்குக் கடிவாளம் போடும் என்பது வெள்ளைக்காரர்களுக்கும் புரிந்திருந்தது. இவர்களுக்குத் தொழில்நுட்பம் வேண்டும், அவர்களுக்குச் சந்தை வேண்டும். 1949-ல் டி.ஐ. சைக்கிள்ஸ் பிறந்தது. அதே வருடம்தான் தந்தை திவான் பகதூர் காலமானார். 1951-ல் அம்பத்தூரிலிருந்து சைக்கிள்கள் வெளிவர ஆரம்பித்தன. அம்பத்தூர் தொழிற்பேட்டை வந்தது 1960-களில்தான் என்பதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். அதற்கு முன்னாலேயே ஏரிக்கரை ஊரில் போய் பாக்டரி கட்டியிருக்கிறார்கள்.

இன்னொரு வேடிக்கை. அந்த 1951-ல் காரைக்கால் பிரெஞ்சு நாடு! 1954 நவம்பர் 1 வரை நம்மிடம் வரவில்லை. அம்பத்தூர் சைக்கிளில் ஒருவர் நண்டலாற்றைத் தாண்டினால் அவர் வெளிநாடு போய்விட்டார் என்று அர்த்தம்.

சைக்கிள் செய்வது என்றால் பாகங்களை வாங்கி மாட்டுவது இல்லை. பிரேமுக்கு இரும்புக் குழாய் வேண்டும், செயின் வேண்டும், விளக்கு வேண்டும். எல்லாவற்றையும் இங்கிலாந்திலிருந்தே வரவழைத்தால் அப்புறம் இந்திய சைக்கிள் என்ன சைக்கிள்? முருகப்பச் செட்டியாரின் உண்மையான சாதனை இங்கேதான் இருக்கிறது. 1955-ல் ஆவடியில் குழாய் செய்ய டியூப் புராடக்ட்ஸ். 1960-ல் செயினுக்கு டி.ஐ. டயமண்ட், இது அமெரிக்கக் கம்பெனியோடு கூட்டு. விளக்குக்கும் டைனமோவுக்கும் டி.ஐ. மில்லர். (ராத்திரியில் விளக்கில்லாமல் போய் போலீஸிடம் மாட்டியவர்களுக்கு டைனமோவின் அருமை தெரியும்.) சைக்கிளுக்காக ஆரம்பித்த குழாயும் செயினும் பிறகு கார், மோட்டார் சைக்கிள் கம்பெனிகளுக்கும் போயின.

எண்ணிக்கையில் லூதியானாவின் முஞ்சால் சகோதரர்களுடைய ஹீரோ பிற்பாடு எல்லோரையும் முந்திவிட்டது. அவர்களும் 1947 பிரிவினையில் பாகிஸ்தான் பக்கம் போய்விட்ட கமாலியாவைச் சேர்ந்தவர்கள். சொந்த ஊரோ பிழைத்த ஊரோ கைவிட்டுப் போன இரண்டு குடும்பங்கள் இந்தியாவுக்கு சைக்கிள் செய்து கொடுத்திருக்கின்றன.

முருகப்பச் செட்டியார் 1965-ல் காலமானார். அடுத்த வருடம் அம்பத்தூரில் அந்தக் குடும்பத்தின் அறக்கட்டளை ஓர் ஆஸ்பத்திரி திறந்தது. அதற்குத் தங்கள் பெயரை வைக்காமல் கூட்டாளியின் பெயரை வைத்தார்கள். பர்மிங்ஹாம் துரையின் பெயர் இன்று அம்பத்தூரில் ஒரு பஸ் ஸ்டாப். கண்டக்டர் "ஸ்டெட்போர்டு" என்று கூவினால், அது ஓர் ஆளின் பெயர் என்று யோசிக்காமலே ஜனங்கள் இறங்கிப் போகிறார்கள்.