ரீவேல்யுவேஷனுக்குக் கோர்ட் படி ஏறினால்...

ரிசல்ட் வரும் நாளில் கல்லூரி கேன்டீனில் தவறாமல் கேட்கும் வசனம்: "கேஸ் போட்டாத்தான் இவனுங்க சரிப்பட்டு வருவாங்க!" எழுபது எதிர்பார்த்தவனுக்கு முப்பது வந்தால் கோபம் வரத்தான் செய்யும். ஆனால் நீதிபதி பேப்பரைத் திருத்தித் தருவாரா?

மாட்டார். மறுமதிப்பீடும் கிடையாது, விடைத்தாளைக் காட்டுவதும் கிடையாது என்று மகாராஷ்டிரத் தேர்வு வாரியம் விதி வைத்திருந்தது. பம்பாய் உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. ஆனால் 1984-ல் உச்ச நீதிமன்றம் அந்த விதி செல்லும் என்றது. ஆயிரக்கணக்கானோர் எழுதும் தேர்வில் எல்லாப் பேப்பரையும் திரும்பத் திறந்தால் ரிசல்ட்டுக்கு முடிவே இருக்காது என்பது அதன் கவலை.

2017-ல் உ.பி. ஆசிரியர் தேர்வு வழக்கில் இன்னும் கறாராகச் சொன்னது. விதியில் மறுமதிப்பீடு இருந்தால் அனுமதிக்கலாம். விதி எதுவும் சொல்லாவிட்டால், தவறு பளிச்சென்று தெரியும் அபூர்வ வழக்குகளில் மட்டும் அனுமதிக்கலாம். இரக்கத்துக்கு இடமில்லை. சந்தேகம் வந்தால் அதன் பலன் தேர்வு நடத்தியவருக்கே!

அப்படியானால் மாணவர்கள் ஜெயித்ததே இல்லையா? உண்டு. 1983-ல் கான்பூர் பல்கலைக்கழக வழக்கு. மருத்துவ நுழைவுத் தேர்வின் விடைக்குறிப்பே தப்பு. பாடப்புத்தகப்படி சரியான விடை எழுதியவர்களைத் தண்டிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. தப்பைப் புத்தகத்தைக் காட்டியே நிரூபிக்க முடிந்தது, அதனால் ஜெயித்தார்கள். "நன்றாகத்தான் எழுதினேன்" என்பது மட்டும் ஆதாரம் ஆகாது.

ஆதாரம் இருந்தாலும் நிச்சயமில்லை. 2018 நீட் தமிழ் வினாத்தாளில் 49 கேள்விகளில் பிழை என்று வழக்கு வந்தது. கேள்விக்கு 4 வீதம் 196 மார்க் கொடுக்க மதுரைக் கிளை உத்தரவிட்டது. பத்தே நாளில் உச்ச நீதிமன்றம் தடை விதித்தது. அதே ஆண்டு நவம்பரில் அந்த உத்தரவு ரத்தானது. இடையில் தவித்த பிள்ளைகளுக்கு யார் பதில் சொல்வது?

கோர்ட்டால் மாணவர்களுக்குக் கிடைத்த பெரிய லாபம் மார்க் அல்ல, விடைத்தாள்தான். தன் விடைத்தாளைப் பார்க்கவும் நகல் வாங்கவும் தகவல் உரிமைச் சட்டப்படி மாணவனுக்கு உரிமை உண்டு என்று 2011-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தேர்வு நடத்தியவர்கள் அதைப் பாதுகாத்து வைத்திருக்கும் காலம் வரைதான் இது செல்லும். திருத்தாமல் விட்ட பக்கம், தப்பாய்ப் போட்ட கூட்டல் எல்லாம் கையில் ஜெராக்ஸ் இருந்தால்தானே தெரியும்?

இங்கேதான் சிக்கல். அந்தச் சட்டப்படி பதில் தர 30 நாள் அவகாசம் உண்டு. மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பிக்கும் கடைசி நாளோ அதற்குள் முடிந்துவிடக்கூடும். பேப்பர் வருவதற்குள் மேல்படிப்பு சீட்டும், கேம்பஸில் கிடைத்த வேலையும் போய்விடலாம். கூலி வேலை பார்த்துப் படிக்க வைக்கும் அப்பாவிடம் வக்கீல் ஃபீஸ் கேட்கவும் முடியாது.

கோர்ட் திருத்தாது என்பது நியாயமாகவே இருக்கட்டும். அப்படியென்றால் ரிசல்ட்டோடு விடைத்தாளையும் மாணவன் கண்ணில் காட்டிவிட வேண்டும். அதைச் செய்தாலே பாதி வழக்குகள் கோர்ட்டுக்குப் போகாது.