நிலம் வேண்டாம் என்ற நாடு

இத்தாலியின் ரிமினி ரயில் நிலையத்துக்கு எதிரே புறப்படும் பேருந்தில் ஏறி உட்கார்ந்தால், ஒரு மணி நேரத்துக்குள் வேறொரு நாட்டில் இறங்கிவிடலாம். கடற்கரை விடுதிகளும் பெட்ரோல் பங்குகளும் பின்தங்க, வயல்வெளிகளுக்கு அப்பால் ஒற்றை மலை ஒன்று நிமிர்ந்து நிற்பது தெரியும். எல்லையில் சோதனைச் சாவடி இல்லை. பாஸ்போர்ட்டைக் கேட்க ஆள் இல்லை. சாலைக்குக் குறுக்கே ஒரு வரவேற்பு வளைவு. அதைத் தாண்டினால் சான் மரினோ.

பரப்பு 61 சதுர கி.மீ. மக்கள் சுமார் 34,000 பேர். நாற்புறமும் இத்தாலி. ஐரோப்பாவில் இதைவிடச் சிறிய நாடுகள் வாத்திகனும் மொனாக்கோவும்தான். ஆனால் வாத்திகனுக்குப் போப்பாண்டவர் இருக்கிறார், மொனாக்கோவுக்கு இளவரசர் இருக்கிறார். சான் மரினோவை எந்த அரச குடும்பமும் ஆண்டதில்லை. சுற்றிலும் சிற்றரசுகளும் பேரரசுகளும் எழுந்து மறைந்த மண்ணில், இந்த மலை மட்டும் பல நூற்றாண்டுகளாகக் குடியரசாகவே இருந்துவருகிறது. அது எப்படி முடிந்தது என்ற கேள்வியோடு மேலே ஏறுகிறவருக்கு, ஊரின் ஒவ்வொரு மூலையிலும் கொஞ்சம் கொஞ்சமாக விடை கிடைக்கும்.

முதல் விடை மலையேதான். தித்தானோ சுமார் 740 மீட்டர் உயரமுள்ள சுண்ணாம்புக்கல் மலை. மேற்கே படிப்படியாகச் சரிகிறது; ஊர் அந்தச் சரிவில்தான் அமைந்திருக்கிறது. கிழக்கே செங்குத்துப் பாறை. கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தால் கீழே வீடுகள் தீப்பெட்டிகளாகத் தெரியும். வானம் தெளிவாக இருக்கும் நாளில் அட்ரியாடிக் கடலின் நீலக் கோடும் தெரியும். விளிம்பில் குவைத்தா, செஸ்தா, மொந்தாலே என்று மூன்று கோபுரங்கள். கூட்டமெல்லாம் முதல் இரண்டோடு திரும்பிவிடுகிறது. மரங்களுக்கிடையே கொஞ்ச தூரம் நடந்து மூன்றாவதையும் பார்த்துவிடுவது நல்லது. மொந்தாலேவின் வாசல் தரையில் இல்லை, ஏறக்குறைய ஏழு மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஏணி வைத்துத்தான் ஏற வேண்டும். உள்ளே அடியில் ஆழமான குழி ஒன்று. அது ஒரு காலத்தில் சிறை.

ஆனால் பாறை மட்டும் காப்பாற்றியிருந்தால் இத்தாலியில் இப்படி நூறு நாடுகள் மிஞ்சியிருக்க வேண்டும். அந்த நாட்டின் குன்றுகளில் கோட்டைக்கா பஞ்சம்?

மரபுக்கதைப்படி நாடு பிறந்தது கி.பி. 301இல். அட்ரியாடிக்குக்கு அக்கரையிலிருந்த ராப் தீவிலிருந்து ரிமினிக்குக் கல் தச்சு வேலைக்கு வந்தவர் மரினுஸ். கிறிஸ்தவர்களை ரோமப் பேரரசு வேட்டையாடிய காலம் அது. அவர் இந்த மலைக்கு ஏறி ஒளிந்துகொண்டார். அவரைச் சுற்றி ஒரு சிறு சமூகம் சேர்ந்தது. ஆதாரங்களால் உறுதிப்படுத்த முடியாத கதைதான். ஆனாலும் தஞ்சம் தேடி வந்த ஒரு தொழிலாளியைத் தன் மூதாதையாக ஒரு நாடு நினைவில் வைத்திருப்பது சாதாரண விஷயமில்லை.

எல்லைக்கோடு 1463இல் முடிவானது. ரிமினியை ஆண்ட மலத்தெஸ்தா குடும்பத்துக்கு எதிரான போரில் போப்பாண்டவர் பக்கம் நின்றதற்குப் பரிசாக ஃபியொரெந்தினோ, மொந்தெஜியார்தினோ, செர்ராவால்லே என்ற மூன்று ஊர்கள் கிடைத்தன. அதே ஆண்டில் ஃபயெத்தானோ தானாகவே வந்து சேர்ந்துகொண்டது. அதற்குப் பிறகு ஒரு அடிகூட நகரவில்லை. நகர்த்த வாய்ப்பே வராமல் இல்லை. 1797இல் வட இத்தாலியை வென்று வந்த நெப்போலியன், கணித மேதை காஸ்பார் மோன்ஜைத் தூது அனுப்பி, நாட்டைக் கடல்வரை விரித்துக்கொள்ள நிலம் தருவதாகச் சொன்னார். அன்றைய ஆட்சியாளர்களில் ஒருவரான அந்தோனியோ ஓனோஃப்ரியின் யோசனைப்படி, சான் மரினோ நட்பை ஏற்றுக்கொண்டது. நிலத்தை வேண்டாம் என்றது. கடற்கரை கிடைத்திருந்தால் துறைமுகமும் கிடைத்திருக்கும், அதன்மேல் பொறாமைப்படும் பகைவர்களும் கிடைத்திருப்பார்கள். நெப்போலியன் வீழ்ந்தபின் 1815இல் ஐரோப்பிய வரைபடத்தைத் திருத்தி எழுதியவர்கள் அவர் பங்கிட்ட நிலங்களில் பலவற்றைப் பிடுங்கினார்கள். சான் மரினோவிடம் பிடுங்க ஒன்றுமில்லை.

1849 ஜூலை 31. அதே ஆண்டில் ரோமில் உருவான குடியரசு வீழ்ந்து, ஆஸ்திரியப் படைகள் துரத்த, இத்தாலியை ஒன்றிணைக்கப் போராடிய கரிபால்டி எஞ்சிய வீரர்களோடு மலையேறி வந்தார். கூடவே கருவுற்றிருந்த மனைவி அனிதா, கடும் காய்ச்சலில். சான் மரினோ அவர்களுக்குச் சோறு போட்டது. கரிபால்டி அங்கேயே தன் படையைக் கலைத்துவிட்டு இரவோடு இரவாக வெளியேறினார். சில நாட்களில் அனிதா ராவென்னா அருகே இறந்துபோனார். இத்தாலி ஒன்றுபட்டபோது இந்த மலையை மட்டும் விழுங்காமல், 1862இல் அதோடு நட்பு ஒப்பந்தம் செய்துகொண்டது. இதற்கு அந்தச் சோறும் ஒரு காரணம் என்றே சான் மரினோ மக்கள் சொல்கிறார்கள்.

இதெல்லாம் நூல்களில் படிக்கலாம். நேரில் போனால் மட்டுமே மனதில் பதிவது சுரங்கப்பாதை.

1932இல் ரிமினியிலிருந்து மலை உச்சிவரை சுமார் 32 கி.மீ. நீளத்துக்கு மின்சார ரயில் விட்டார்கள். வளைந்து வளைந்து ஏற வேண்டியிருந்ததால் பாதையில் 17 சுரங்கங்கள். பன்னிரண்டே ஆண்டுகள் ஓடியது. 1944 ஜூன் 26 அன்று, ஜெர்மானியர்கள் இங்கே ஆயுதம் பதுக்கியிருப்பதாகத் தவறாக நம்பிய பிரிட்டிஷ் விமானங்கள் குண்டு வீசின. நடுநிலை நாட்டின் கூரைகளில் பெரிய வெள்ளைச் சிலுவைகள் வரையப்பட்டிருந்தும் உயிர்கள் போயின, தண்டவாளமும் போயிற்று. பிற்பாடு பிரிட்டன் இழப்பீடு கொடுத்தது.

அந்தக் கோடையில் போர்முனை நெருங்க நெருங்க, சுற்றுவட்டார இத்தாலியர்கள் மூட்டை முடிச்சுகளோடு மலைக்கு ஏறினார்கள். அவர்களில் யூதர்களும் இருந்தார்கள். நாட்டின் மக்கள்தொகை அப்போது சுமார் 15,000. வந்து சேர்ந்தவர்கள் ஏறக்குறைய ஒரு லட்சம் பேர். பள்ளி, தேவாலயம், மாட்டுக்கொட்டகை எதிலும் இடம் போதாமல், ரயில் நின்றுபோன சுரங்கங்களில் குடும்பம் குடும்பமாகத் தங்கினார்கள். தண்ணீர் சொட்டும் சுவர், இருட்டு, புகை, கைக்குழந்தைகள். இருக்கிற மாவு எத்தனை நாள் வரும் என்று தெரியாமலே சான் மரினோ அத்தனை பேருக்கும் ரொட்டி சுட்டது. இன்று தலைநகரில் ஒரு சுரங்கம் திறந்து கிடக்கிறது. பழைய ரயில்பெட்டி ஒன்றுக்கு நாட்டுக்கொடியின் வெள்ளையும் நீலமும் பூசி, செப்பனிட்டு அங்கே நிறுத்தியிருக்கிறார்கள். உச்சி வெயிலிலும் உள்ளே சில்லென்று இருக்கிறது. பத்து நிமிடம் அங்கே நின்றாலே வெளியே வந்துவிடத் தோன்றும். வாரக்கணக்கில் கிடந்தவர்களை அப்போதுதான் நினைக்க முடிகிறது.

செப்டம்பரில் சண்டை நாட்டுக்குள்ளேயே வந்தது. ஜெர்மானியர்களை விரட்டியவர்கள் நேசப் படைகளின் நான்காவது இந்தியப் படைப்பிரிவினர். 9ஆவது கூர்க்கா ரைஃபிள்ஸைச் சேர்ந்த ஷேர் பகதூர் தாபா, திறந்த பாறை முகட்டில் ஒற்றை ஆளாக இயந்திரத் துப்பாக்கியோடு இரண்டு மணி நேரம் தாக்குப்பிடித்தார். பிறகு காயம்பட்டுக் கிடந்த இருவரை மீட்கப் போனார். ஒருவரைத் தூக்கிவந்து சேர்த்தார்; இரண்டாமவரோடு திரும்பும்போது சுடப்பட்டு இறந்தார். அவருக்கு விக்டோரியா கிராஸ் வழங்கப்பட்டது. ரிமினி செல்லும் அதே நெடுஞ்சாலை ஓரத்தில் கூர்க்கா போர்க் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. பேருந்தில் அதைக் கடந்துபோகிற இந்தியர்கள் பெரும்பாலும் கவனிப்பதில்லை. இறங்கிப் பார்க்கத்தான் வேண்டும்.

ஆட்சிமுறையிலும் இந்நாடு தனி. காப்பித்தானி ரெஜென்தி எனப்படும் நாட்டுத்தலைவர்கள் இருவர். சம அதிகாரம், பதவிக்காலம் ஆறே மாதம். 1243 முதல் இந்த வழக்கம் தொடர்கிறது. இறங்கியபின் மூன்று ஆண்டுகளுக்கு மறுபடி அந்தப் பதவிக்கு வர முடியாது. பதவியில் செய்தவை குறித்துக் குடிமக்கள் புகார் கொடுத்து விசாரிக்கச் செய்யலாம். நாட்காட்டியில் ஏப்ரல் 1, அக்டோபர் 1 இரண்டில் ஒன்றை ஒட்டிப் பயணத்தை வைத்துக்கொள்கிறவர்கள் பதவியேற்பை நேரில் பார்க்கலாம். விடுதலைச் சதுக்கத்தில் காவல் வீரர்களும் கொடிகளும் வாத்தியங்களும் அணிவகுக்க, கறுப்பு உடையில் புதிய தலைவர்கள் இருவரும் நடந்தே வருகிறார்கள். அன்று ரிமினியில் காலையிலேயே பேருந்து ஏறிவிடுவது நல்லது. சதுக்கம் சிறியது, சீக்கிரம் நிறைந்துவிடும்.