திரும்பி வந்த காசோலை

கொழும்பில் நாம் 'புதுக்கடை' என்று வழங்கும் நீதிமன்ற மேட்டுக்கு ஆங்கிலத்தில் உள்ள பெயர், 1656இல் கொழும்பு முற்றுகையின்போது மடிந்த ஹுல்ப்ற் என்னும் ஒல்லாந்தத் தளபதியினுடையது. அத்தளபதியை இன்று அங்கே நினைப்பார் எவருமிலர். படியேறுவோரின் நினைவெல்லாம் தத்தம் வழக்கின் தவணையிலேயே இருக்கும்.

கொட்டாஞ்சேனையில் எமது அயலில் வசித்த அம்மையார் ஒருவரும் அப்படிகளில் ஏறவேண்டி வந்தது. கணவனை இழந்தவர். மகளின் கலியாணத்துக்கென வைத்திருந்த ஐந்து இலட்சம் ரூபாவை, வெள்ளவத்தையிற் புடைவைக்கடை நடத்திய உறவினர் ஒருவருக்குக் கைமாற்றாகக் கொடுத்திருந்தார். கடன் பத்திரம் இல்லை. ஆறு மாதம் தள்ளித் திகதியிட்ட காசோலை ஒன்று மாத்திரமே. உரிய நாளில் அதனை வங்கியிலிட்டார். 2006ஆம் ஆண்டு தொடக்கம் நம் நாட்டில் காசோலைகள் வங்கிக்கு வங்கி நேரிற் செல்வதில்லை. அவற்றின் படமே செல்கின்றது. ஆதலால் ஏமாற்றமும் தாமதமின்றி வந்து சேர்ந்தது: 'பணம் போதாது.'

"தம்பி, கையெழுத்து அவருடையதுதானே? பிடித்து உள்ளே போட்டால் காசு வராதோ?" என்று அம்மையார் என்னிடம் வினவினார்.

இவ்வினாவிலேதான் நம்மவர் பலர் இடறுகின்றனர். 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடன் அறவிடல் சட்டம், வங்கிகள் முதலிய நிறுவனங்களின் கடனை விரைவில் அறவிடுவதற்கென எழுந்தது. ஆயினும் அதன் 25ஆம் பிரிவு, கணக்கிற் பணமில்லை என்று அறிந்தே காசோலை எழுதும் எவரையும் குற்றவாளியாக்கியது. ஓராண்டு வரை சிறை, அல்லது 10,000 ரூபாவோ காசோலைத் தொகையின் பத்து வீதமோ இவற்றுட் கூடியது தண்டம், அல்லது இரண்டுமே என்பது அப்போது வகுத்த தண்டனை. அம்மையாரின் காசோலைக்குத் தண்டம் 50,000 ரூபா ஆகும். அதுவும் அரசுக்குச் சேருமேயன்றி அவருடைய அலுமாரிக்கு வாராது. 'அறிந்தே எழுதினார்' என்பதையும் நிரூபித்தாக வேண்டும்.

பணத்தையே கேட்பதற்கு உரிய இடம் மாவட்ட நீதிமன்றம். 1889ஆம் ஆண்டின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையில் 53ஆம் அத்தியாயம் என்றொன்றுண்டு. காசோலை, புரோநோட்டு முதலியவற்றின்மீது சுருக்கமுறையில் வழக்கிட அது இடந்தருகின்றது. எதிராளி நினைத்தவாறு எதிர்வழக்காட இயலாது. நீதிமன்றத்தின் அனுமதி பெற்றே வாதாடலாம். எழுத்துள்ள கடனுக்கு ஆறு ஆண்டும், எழுத்தில்லாக் கைமாற்றுக்கு மூன்றே ஆண்டும் காலவெல்லை என்பது 1871ஆம் ஆண்டுச் சட்டம். மாணவர்கள் இதனையேனும் குறித்துக்கொள்ளல் நன்று.

இந்தியாவில் 1989 ஏப்பிரலில் நடைமுறைக்கு வந்த 138ஆம் பிரிவு, காசோலை எழுதியவருக்கு முதலில் அறிவித்தல் அனுப்பி, பதினைந்து நாள் அவகாசம் கொடுக்கச் சொல்கிறது. நமது 25ஆம் பிரிவு அதனைக் கேட்கவில்லை. ஆயினும் கோரிக்கைக் கடிதம் அனுப்புவது நம் சட்டத்தரணிகளின் வழக்கமே.

செட்டியார் தெருவிலே ஒருகாலத்தில் வட்டிக்கடை வைத்திருந்த நாட்டுக்கோட்டையார் ஒரு சதத்தையும் எழுதாது விட்டவரல்லர். 1918ஆம் ஆண்டின் கடன்கொடுத்தற் சட்டமும் முதல் எவ்வளவு, முன்கூட்டிக் கழித்த வட்டி எவ்வளவு, வட்டி வீதம் என்ன என்பவற்றைப் புரோநோட்டில் எழுதச் சொன்னது. நாமோ எழுத்துக் கேட்டால் உறவு முறியும் என்று அஞ்சுகின்றோம். எழுத்தில்லாமையால் முறிந்த உறவுகளையே நான் அதிகம் கண்டிருக்கிறேன்.

அம்மையார் இரண்டு வழியையும் ஆராய்ந்து, நீதவான் நீதிமன்றத்தையே நாடினார். வழக்கு மூன்றாந் தவணைக்கு வந்தபோது, சிறைக்கு அஞ்சிய உறவினர் மாதம் 25,000 ரூபாவாகக் கட்ட இணங்கினார். இருபது மாதக் கணக்கு. மாப்பிள்ளை வீட்டார் அத்துணை காலம் பொறுப்பார்களோ என்ற கவலை அம்மையாரை உருக்கிற்று. நல்லவேளையாக அவர்கள் பொறுத்தார்கள். பதினோராம் தவணைப் பணம் கைக்கு வந்த கிழமையே மகளுக்கு எழுத்து நடந்தது. அழைப்பிதழ் ஒன்று வெள்ளவத்தைப் புடைவைக்கடைக்கும் போயிற்று.